பாலையா கதை கேட்ட காட்சியும் அதற்கு முந்தைய 28 வருடங்களும்

டி.எஸ். பாலையா என்று சொன்னதும் உங்களுக்கு எது நினைவுக்கு வருகிறது? நான் விசாரித்துப் பார்த்த வரையில் இரண்டே பதில்தான். ஒன்று, ‘காதலிக்க நேரமில்லை’யில் நாகேஷ் திகில் கதை சொல்லச் சொல்ல இவர் வெலவெலத்துப் போவது. இன்னொன்று, ‘திருவிளையாடல்’ ஹேமநாத பாகவதர். கொஞ்சம் வயதானவர்கள் என்றால் ‘தில்லானா மோகனாம்பாள்’ தவில்காரரையும் சேர்த்துக்கொள்வார்கள். அவ்வளவுதான்.

முதல் படம் 1964. அடுத்தது 1965. மூன்றாவது 1968. ஆனால் பாலையா சினிமாவுக்கு வந்தது 1936-ல், இறந்தது 1972-ல். ஆக, 36 வருடத் திரை வாழ்க்கையில் நாம் பத்திரமாக வைத்திருப்பது கடைசி எட்டு வருடத்தை மட்டும். அதற்கு முன்னால் ஒரு 28 வருடம் இருக்கிறதே, அது எங்கே போச்சு? ஒரு மென்பொருளின் கடைசி வெர்ஷனை மட்டும் பார்த்துவிட்டு, எழுதியவனைப் பற்றித் தீர்ப்பு சொல்கிற மாதிரிதான் இது. அந்த 28 வருடம் தெரியாவிட்டால் அந்தக் கதை கேட்கிற காட்சியே முழுசாகப் புரியாது என்பது என் எண்ணம். அதனால் பின்னாலிருந்து வராமல் முன்னாலிருந்தே வருவோம்.

பாலையா பிறந்தது 1914-ல். பெயருக்கு முன்னால் நிற்கிற ‘டி’ திருநெல்வேலி. அந்தக் காலத்து நடிகர்கள் பலரையும் போல இவரும் நாடகக் கம்பெனிகளில் வளர்ந்தவர். சங்கரதாஸ் சுவாமிகள் 1918-ல் மதுரையில் சிறுவர்களை மட்டும் வைத்து ஒரு சபையை ஆரம்பித்தார் (டி.கே.எஸ். சகோதரர்கள் சேர்ந்தது அதில்தான்). அதைத் தொடர்ந்து தமிழ்நாடு முழுக்க பாய்ஸ் கம்பெனிகள் முளைத்தன. எம்.ஜி.ஆர்., பி.யு. சின்னப்பா, என்.எஸ். கிருஷ்ணன், சிவாஜி என்று யாரை எடுத்தாலும் அந்தக் கொட்டகை வாசலைத் தாண்டித்தான் வந்திருக்கிறார்கள்.

அங்கே யார் என்ன வேடம் என்பது ‘பார்ட்’ கணக்கில் ஓடும். ராஜபார்ட், ஸ்திரீபார்ட், கள்ளபார்ட், பபூன். ஒருவன் ஒரு பார்ட்டில் பெயர் வாங்கிவிட்டால் நோட்டீஸில் அவன் பெயருக்கு முன்னால் அதுவே ஒட்டிக்கொள்ளும். இது நம்ம ஊர் விசித்திரம் மட்டும் இல்லை. ஜெர்மன் மொழி நாடக அரங்குகளிலும் ‘ரோலன்ஃபாக்’ என்று இதே மாதிரி ஒரு பிரிவினை இருந்தது. இளம் காதலன், கிழத் தகப்பன், சூழ்ச்சிக்காரன் என்று நடிகரை எந்த வகைக்காக எடுக்கிறார்களோ அந்த வகையில்தான் அவர் பிழைப்பு. எங்கெல்லாம் ஒரே குழு நிறைய நாடகங்களைச் சுழற்சியில் போடுகிறதோ அங்கெல்லாம் இந்த ஏற்பாடு தேவைப்பட்டிருக்கும் போல.

நம்ம கம்பெனிகளில் ராஜபார்ட்டுக்கு முதல் தகுதி குரல். மைக் கிடையாது. கடைசி வரிசை வரைக்கும் பாட்டு போய்ச் சேர வேண்டும். பையன்களுக்கு மகரக்கட்டு வந்து குரல் உடைந்தால், நேற்று வரை ராஜாவாக நின்றவன் இன்று ஓரத்துக்குப் போக வேண்டியதுதான். பேசும்படம் வந்தபோது சினிமாவும் இதே விதியை அப்படியே எடுத்துக்கொண்டது. எம்.கே. தியாகராஜ பாகவதரும் சின்னப்பாவும் முதலில் பாடகர்கள், பிறகுதான் நடிகர்கள். பாடாத நடிகனுக்கு அந்தச் சினிமாவில் என்ன இடம்? ஒரே ஒரு பெரிய இடம் இருந்தது. வில்லன். வில்லன் பாடியே ஆக வேண்டும் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை. பாலையா அந்த வாசல் வழியாகத்தான் உள்ளே வந்தார்.

1936-ல் வந்த ‘சதி லீலாவதி’ தமிழ் சினிமாவில் ஒரு விசித்திரமான படம். எஸ்.எஸ். வாசன் ஆனந்த விகடனில் எழுதிய தொடர்கதை. இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர். கதாநாயகன் எம்.கே. ராதா. எம்.ஜி.ஆர்., என்.எஸ். கிருஷ்ணன், பாலையா மூன்று பேருமே இதில் உண்டு. எம்.ஜி.ஆருக்கும் பாலையாவுக்கும் இதுதான் முதல் படம். மூன்று பேரில் அன்றைக்குப் பெரிய வேடம் பாலையாவுக்கு. எம்.ஜி.ஆர். ஒரு இன்ஸ்பெக்டராகச் சில காட்சிகளில் வந்து போனார். பாலையாவோ, கதாநாயகனைக் குடிக்கும் கூத்துக்கும் இழுத்துக் குடும்பத்தையே தெருவுக்குக் கொண்டுவருகிற சிநேகிதன். கதாநாயகன் இலங்கைக்கு ஓடிப்போய்த் தேயிலைத் தோட்டத்தில் கூலியாக வேலை பார்க்கிற அளவுக்கு நிலைமை முற்றும்.

இதில் ஒரு கிளைக்கதை உண்டு. மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியின் ‘பதிபக்தி’ நாடகத்தின் கதையும் கிட்டத்தட்ட இதேதான். அதைப் படமாக்கியவர்கள் வழக்குப் போட்டார்கள். கதை திருட்டு என்று சண்டை. கடைசியில், எலன் உட் என்ற ஆங்கில எழுத்தாளர் 1860-ல் எழுதிய ‘டேன்ஸ்பரி ஹவுஸ்’ என்ற மதுவிலக்கு நாவல்தான் இரண்டுக்குமே மூலம் என்று வாசன் சொன்னதும் வழக்கு நிற்கவில்லை. விக்டோரியா காலத்து இங்கிலாந்துக் குடிகாரன் கதை தமிழ்நாட்டில் எடுபட்டது என்றால் காரணம் இருக்கிறது. படம் வந்த அடுத்த வருடம், 1937 அக்டோபர் 1-ம் தேதி, ராஜாஜி அரசாங்கம் சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கைக் கொண்டுவந்தது. தருமபுரி அப்போது தனி மாவட்டம் இல்லை, 1965-ல்தான் பிரிந்தது. அதனால் எங்கள் தொப்பூரும் அந்த முதல் மதுவிலக்கு எல்லைக்குள்தான் இருந்தது. பாலையா ஊற்றிக் கொடுத்த கிளாஸ், அந்தக் காலத்துக்கு வெறும் சினிமா கிளாஸ் இல்லை.

சரி, விஷயத்துக்கு வருவோம். டங்கனுக்குத் தமிழ் தெரியாது. மொழிபெயர்த்துக் கொடுத்ததை வைத்துக்கொண்டுதான் படம் எடுத்தார். பொதுவாக இதை ஒரு வேடிக்கையாகவே சொல்வார்கள். எனக்கு அது ஒரு முக்கியமான தகவலாகப் படுகிறது. வசனம் புரியாத இயக்குநர் ஒரு ஷாட் சரியா தப்பா என்று எதை வைத்து முடிவு செய்வார்? முகத்தை வைத்து, உடம்பை வைத்து, ஒருவர் பேசும்போது எதிரில் நிற்பவர் என்ன செய்கிறார் என்பதை வைத்து. குரலே மூலதனமாக இருந்த கொட்டகையிலிருந்து வந்த 22 வயதுப் பையனுக்கு, குரலைக் கணக்கிலேயே எடுத்துக்கொள்ளாத ஒரு வாத்தியார் கிடைத்திருக்கிறார். அடுத்த வருடமே ‘அம்பிகாபதி’யில் அதே டங்கன், அதே பாலையா. அதில் ருத்ரசேனன் வேடம், பாகவதருக்கு எதிரி. பாகவதர் பாடுவார். பாலையா பார்த்துக்கொண்டு நிற்பார். அந்தப் பார்வைதான் அந்த வில்லன்.

‘சதி லீலாவதி’யின் பிரதி இன்று இல்லை. தமிழ் சினிமாவின் முதல் இருபது வருடங்களில் வந்த பல படங்களுக்கு இதே கதிதான். எரியக்கூடிய நைட்ரேட் சுருள், வெள்ளிக்காகக் கரைத்துவிற்ற பிரதிகள், பாதுகாக்க யாருக்கும் தோன்றாத அலட்சியம் எல்லாம் சேர்ந்து விழுங்கிவிட்டன. பாடகர்களுக்கு இசைத்தட்டாவது மிஞ்சியது. பாகவதரை இன்றைக்கும் கேட்கலாம். பாடாத நடிகனுக்குப் படம் போனால் எல்லாமே போச்சு. பாலையாவின் முதல் பாதி நமக்குத் தெரியாமல் போனதற்கு இதுதான் அடிப்படைக் காரணம், ரசிகர்களின் மறதி அப்புறம்தான்.

நாற்பதுகளின் கடைசியில் நிலைமை மாறுகிறது. 1947-ல் ‘ராஜகுமாரி’, எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகனாக நடித்த படம். பாலையாவும் இருக்கிறார். 1948-ல் ‘மோகினி’யில் எம்.ஜி.ஆருக்குச் சமமாக இவர் பெயரும் முன்வரிசையில். சேர்ந்தே சினிமாவுக்கு வந்த இரண்டு பேரில் ஒருவர் பதினோரு வருடம் கழித்துக் கதாநாயகன் ஆகிறார். அதற்குப் பிறகு இன்னொருவரின் வேலை என்ன? எதிரில் நிற்பது. ‘மதுரை வீரன்’ (1956) வரும்போது எம்.ஜி.ஆர். வீரன், பாலையா நரசப்பன். இருபது வருடத்தில் உயரங்கள் இடம் மாறிவிட்டன. பாலையாவின் நடிப்பில் ஒரு சின்னப் புழுக்கம்கூடத் தெரியவில்லை என்பதுதான் எனக்கு ஆச்சரியம்.

ஆனால் அந்தக் காலத்தில் நான் அதிகம் மதிக்கிற வேடம் வில்லன் வேடம் இல்லை. அண்ணாவின் நாடகம் 1949-ல் படமான ‘வேலைக்காரி’. இயக்கம் ஏ.எஸ்.ஏ. சாமி. கே.ஆர். ராமசாமி ஆனந்தனாக வருவார். ஊர்ப் பெரிய மனிதர் வேதாசல முதலியாரால் அப்பனை இழந்து, ஆத்திரத்தில் கத்தியைத் தூக்கிக்கொண்டு கிளம்புகிறவன். அவனைப் பிடித்து நிறுத்தி யோசிக்க வைக்கிற சிநேகிதன் மணி. அந்த மணிதான் பாலையா. கொஞ்சம் கவனித்தால், 1936-ல் சிநேகிதனைக் கெடுத்தவர் 1949-ல் சிநேகிதனைக் காப்பாற்றுகிறார். உடம்பும் குரலும் அதேதான். நம்ப வைக்கிற சாமர்த்தியமும் அதேதான். அது போகிற திசை மட்டும் வேறு.

இந்தப் படத்தோடு தமிழ் சினிமாவில் பாட்டின் இடத்தை வசனம் பிடித்துக்கொண்டது என்று பொதுவாகச் சொல்வது வழக்கம். உண்மைதான். பக்கம் பக்கமாகப் பேசினார்கள். மக்கள் கைதட்டினார்கள். ஆனால் ஒருவன் ஐந்து நிமிடம் பேசுகிறான் என்றால் அந்த ஐந்து நிமிடமும் இன்னொருவன் கேட்டுக்கொண்டு நிற்க வேண்டும், இல்லையா? அந்தப் படங்களில் பல நடிகர்கள் தங்கள் முறை வரும் வரை சும்மா நிற்பார்கள். பஸ்ஸுக்கு நிற்கிற மாதிரி. பாலையா அப்படி நிற்கவே மாட்டார். எதிராளி சொல்வது அப்போதுதான் முதல்முறையாகக் காதில் விழுகிற மாதிரியே இருக்கும்.

எங்கள் பக்கம் கூத்து பார்த்தவர்களுக்கு இதன் அருமை தெரியும். துரியோதனன் நேராக வந்து ஆடிவிட முடியாது. இரண்டு பேர் திரையைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். உள்ளேயிருந்து பாட்டு வரும். கட்டியக்காரன் வெளியே நின்று, யார் நீ, எந்த நாடு, எதற்காக வந்தாய் என்று கேட்க வேண்டும். அவன் கேட்டால்தான் ராஜா ராஜா ஆவான். அவன் பயந்தால்தான் நமக்கும் பயம். ராத்திரி முழுக்க மேடையில் இருப்பவன் அவன்தான், ஆனால் மறுநாள் டீக்கடையில் துரியோதனன் வேஷக்காரரைப் பற்றித்தான் பேச்சு ஓடும்.

ஐம்பதுகளை வேகமாகக் கடக்கலாம். ‘தூக்குத் தூக்கி’யில் (1954) வடநாட்டுச் சேட்டாக அரைகுறைத் தமிழ் பேசிச் சிரிக்க வைத்தார். வில்லத்தனத்துக்குள்ளேயே காமெடி எட்டிப்பார்க்க ஆரம்பிக்கிறது. ‘பாகப்பிரிவினை’யில் (1959) எஸ்.வி. சுப்பையாவும் இவரும் அண்ணன் தம்பி. வீட்டுக்கு நடுவே சுவர் எழும்புகிற கதை. வில்லன் மெல்ல மெல்ல அப்பாவாக மாறிக்கொண்டிருந்தார். தமிழ் சினிமாவும் ராஜா ராணியை விட்டு வீட்டுக்குள் வந்துகொண்டிருந்த நேரம் அது.

இப்போது 1964. ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’. சித்ராலயா கோபு எழுத்தில் ஈஸ்ட்மென் கலரில் வந்த முழுநீள நகைச்சுவை. பாலையா எஸ்டேட் முதலாளி விஸ்வநாதன். பணத்தாசை பிடித்த அப்பா. நாகேஷ் அவருடைய மகன் செல்லப்பா. ‘ஓஹோ புரொடக்‌ஷன்ஸ்’ என்று கம்பெனி வைத்துப் படம் எடுக்கத் துடிப்பவன். அப்பாவிடம் பணம் பெயர வேண்டும், அதற்குக் கதை சொல்ல வேண்டும்.

காட்சி உங்களுக்குத் தெரியும். எல்லாச் சத்தங்களையும் நாகேஷே வாயால் போடுவார். உடம்பை வளைத்து, கண்ணை உருட்டி, குரலைத் தாழ்த்தி ஏற்றி ஒரு முழு சினிமாவையே ஓட்டிக் காட்டுவார். நாகேஷ் மேதை, அதில் சந்தேகமே வேண்டாம். ஆனால் ஒரு சின்னச் சோதனை செய்து பாருங்க. யூடியூபில் அந்தக் காட்சியைப் போட்டு, ஒலியை அணைத்துவிட்டு, பாலையாவை மட்டும் பாருங்க. முதலில் அலட்சியம்: இவன் என்ன பெரிசா சொல்லிவிடப் போகிறான் என்ற அப்பனின் முகம். அப்புறம் ஒரு கொக்கி மாட்டுகிறது. அப்புறம் தன்னையறியாமல் கதைக்குள் போய்விடுகிறார். பயம் வந்த பிறகும், பயந்ததை மகனிடம் காட்டிக்கொள்ளக் கூடாது என்ற வீம்பு கொஞ்ச நேரம் போராடும். கடைசியில் வீம்பும் போய்விடும். ஒலி இல்லாமலேயே கதை எந்த இடத்தில் இருக்கிறது என்று அவர் முகத்தை வைத்துச் சொல்லிவிடலாம். தமிழ் தெரியாத டங்கன் உட்கார்ந்து பார்த்திருந்தால் ஓகே சொல்லியிருப்பார்.

மறுபடி ஓடவிட்டு நாகேஷை மட்டும் பாருங்க. அவர் ஒவ்வொரு படியையும் பாலையா முகத்தைப் பார்த்துத்தான் ஏறுகிறார் என்பது தெரியும். பாய்ஸ் கம்பெனியில் வளர்ந்த ஐம்பது வயதுக்காரர் ஒருவர், ரயில்வே வேலை பார்த்துக்கொண்டே அமெச்சூர் நாடகம் போட்டு வந்த முப்பது வயதுக்காரர் ஒருவர். வெவ்வேறு பள்ளிக்கூடம். ஆனாலும் தாளம் பிசகவில்லை.

ஸ்ரீதரே இதை 1966-ல் இந்தியில் ‘ப்யார் கியே ஜா’ என்று எடுத்தார். கதை சொன்னவர் மெஹ்மூத், கேட்டவர் ஓம் பிரகாஷ். ஓம் பிரகாஷும் சாமானியப்பட்டவர் இல்லை. அந்தப் படத்துக்காகச் சிறந்த நகைச்சுவை நடிகருக்கான ஃபிலிம்ஃபேர் விருது மெஹ்மூதுக்குக் கிடைத்தது. கேட்டவருக்குக் கொடுக்க விருது எதுவும் இல்லை.

அதே படத்தில் இன்னொரு இடம். தன் மகளைக் காதலிக்கிற அசோகன் (ரவிச்சந்திரன்) பெரிய கோடீஸ்வரரின் மகன் என்று நம்பிவிடுகிறார் பாலையா. அந்தக் ‘கோடீஸ்வரர்’ வேஷம் போட்டு வந்திருப்பது முத்துராமன். நேற்று வரை திட்டித் தீர்த்த பையனுக்கு இன்றைக்குத் திடீரென்று மரியாதை கொடுக்க வேண்டும். பதற்றத்தில் அசோகன் ‘அசோகர்’ ஆகிவிடுவார். அதோடு நிற்குமா? ‘மகன்’ என்ற சொல்லுக்கும் ‘ர்’ விகுதி போட்டு ‘மகர்’ ஆக்கிவிடுவார்! இலக்கணத்தையே வளைக்கிற அளவுக்குப் பணத்தின் மேல் பக்தி. எழுத்தில் பார்த்தால் சாதாரணக் கடி. பாலையா அதைச் சொல்லும்போது வாயில் தேன் ஒழுகும், கண் மட்டும் கணக்குப் போட்டுக்கொண்டிருக்கும். அந்தக் கண் பழைய வில்லனுடைய கண். 28 வருடம் சும்மா போகவில்லை.

அடுத்த வருடம் ‘திருவிளையாடல்’. இயக்கிய ஏ.பி. நாகராஜன் எங்கள் பக்கத்துக்காரர், சங்ககிரி அருகே அக்கம்மாபேட்டை. அவரும் டி.கே.எஸ். சகோதரர்களின் கம்பெனியில் வளர்ந்தவர். பாணபத்திரராக நடித்த டி.ஆர். மகாலிங்கமும் நாடகமேடையிலிருந்து வந்த பாடகர். ஆக, அந்தத் தருமி–ஹேமநாதர் படமே பழைய கொட்டகை ஆட்கள் கூடிய வீட்டு விசேஷம் மாதிரிதான். பாடாத நடிகர் என்பதால் முப்பதுகளில் வில்லனாக நின்ற பாலையா, இங்கே பாண்டிய நாட்டையே அதிர வைக்கிற பாடகர். குரல் பாலமுரளிகிருஷ்ணாவுடையது. ‘ஒருநாள் போதுமா’ பாட்டில் ராகம் மாற மாறப் பாலையாவின் செருக்கும் ஒரு படி ஏறும். எத்தனையோ ராஜபார்ட் பாடகர்களுக்கு எதிரில் நின்று, அவர்கள் எப்படித் தலையைத் தூக்குவார்கள், சீடர்களை எப்படித் திரும்பிப் பார்ப்பார்கள் என்று வருடக்கணக்காகக் கவனித்தவரின் வட்டியும் முதலும் அது. எனக்கு அப்படித்தான் தோன்றுகிறது.

ஆனால் ஹேமநாதரின் உச்சம் அந்தப் பாட்டு இல்லை. ராத்திரியில் விறகுவெட்டி பாடுகிற பாட்டு காதில் விழுகிற இடம். பாடுவது சிவாஜி, அதாவது சிவன். பாலையாவின் வேலை கேட்பது மட்டும். பாணபத்திரர் சீடனாகச் சேர்த்துக்கொள்ளாமல் தள்ளிவிட்ட ஆளே இப்படிப் பாடினால் பாணபத்திரர் எப்படிப் பாடுவார் என்ற கணக்கு ஓடி, அந்த ஆணவம் முழுசும் இறங்கி, ராத்திரியோடு ராத்திரியாக ஊரை விட்டுக் கிளம்புவார். ஒரு மனிதன் தோற்பதை இவ்வளவு கௌரவமாகக் காட்டிய காட்சி தமிழில் அதிகம் கிடையாது.

‘பாமா விஜயம்’ (1967) பற்றி நிறைய எழுத ஆசை, இடம் இல்லை. மேஜர் சுந்தரராஜன், முத்துராமன், நாகேஷ் மூன்று மகன்கள், மூன்று மருமகள்கள், பக்கத்து வீட்டுக்கு ஒரு சினிமா நடிகை வருகிறாள். வீடே தலைகீழாகிறது. கூச்சலுக்கு நடுவில் அப்பா எத்திராஜ் பார்த்துக்கொண்டே இருப்பார். இந்தியில் ‘தீன் பஹுரானியா’ என்று எடுத்தபோது அந்த அப்பா வேடத்துக்கு பிருத்விராஜ் கபூரைத் தேட வேண்டியிருந்தது என்பதே போதும்.

‘தில்லானா மோகனாம்பாள்’ முத்துராக்கு. சண்முகசுந்தரத்தின் நாகஸ்வரத்துக்குத் தவில். தவில் தனி ஆவர்த்தனம் வாசிக்கலாம்தான், ஆனால் பெரும்பாலான நேரம் நாயனம் எங்கே போகிறது என்று காதைத் தீட்டிக்கொண்டு கூடவே போக வேண்டிய வாத்தியம். ‘நலந்தானா’ பாட்டில் ஆடுகிற மோகனாவும் வாசிக்கிற சண்முகமும் ஒருவரோடொருவர் பேசிக்கொள்கிறார்கள். என்ன பேசிக்கொள்கிறார்கள் என்பது முத்துராக்கு முகத்தில் தெரியும்.

1972-ல் பாலையா இறந்தபோது அறுபது வயதுகூட ஆகவில்லை. அமெரிக்க ஆஸ்கரில் துணை நடிகருக்கென்று தனி விருது ஆரம்பித்தது 1936-ம் வருடத்துப் படங்களிலிருந்து, அதாவது ‘சதி லீலாவதி’ வருடம். நம் தேசிய விருதுகளில் அந்தப் பிரிவு வந்தது 1984-ல். பாலையா போய்ப் பன்னிரண்டு வருடம் கழித்து.

‘வேலைக்காரி’ இணையத்தில் தேடினால் கிடைக்கும். பழைய பிரதி, சத்தம் கொஞ்சம் கரகரக்கும். கே.ஆர். ராமசாமி ஆவேசமாகப் பேசுகிற இடம் வரும்போது அவரை விட்டுவிட்டு, பக்கத்தில் நிற்கிற மணியைப் பாருங்க.